டீ வடிகட்டியில் வந்த கல்

எங்கள் பக்கத்தில் யாராவது விலாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தால் அது கல்தான். அதைச் சொல்ல டாக்டர் வேண்டியதில்லை. பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரர் சொல்வார், மளிகைக் கடைக்காரர் சொல்வார், பல் விளக்கிக்கொண்டே எதிர்வீட்டுக்காரர் சொல்வார். கல்லு, வாழைத்தண்டு சாறு குடிங்க, கரைஞ்சு போயிரும். என் அக்காவுக்கும் எட்டு மாதம் இதைத்தான் சொன்னார்கள். சொன்னவர்களில் நானும் ஒருத்தி. மற்றவர்களை நினைத்தால் கோபம் வரும், பிறகு ஆறிவிடும். என்னை நினைத்தால் வருகிற கோபம் மட்டும் இன்னும் ஆறவில்லை. ஏனென்றால் நான் திண்டுக்கல்லில் ஒரு ஸ்கேன் சென்டரில் டெக்னீசியன். பன்னிரண்டு வருடமாக மனிதர்களின் சிறுநீரகத்தைத் திரையில் பார்த்துத்தான் சோறு தின்கிறேன்.

அக்கா என்னைவிட ஏழு வயது மூத்தவள். வேடசந்தூர் பக்கம் ஒரு நூற்பு மில்லில் இருபத்தைந்து வருடமாக வேலை பார்க்கிறாள். காலையில் மில் பஸ் ஊருக்குள் வந்து ஹாரன் அடிக்கும். அவள் தூக்குச்சட்டியோடு ஏறிப் போவாள், பொழுது சாயும்போது தலையெல்லாம் பஞ்சோடு இறங்குவாள். பிரசவத்தைத் தவிர ஆஸ்பத்திரிப் படி ஏறியதில்லை என்பது அவளுக்குப் பெரிய பெருமை. நான் ஒரு தலைவலிக்கு மாத்திரை போட்டால்கூட, "ஒனக்கென்னடி, ஏசி ரூம்புல உக்காந்து நோவு வாங்குறவ" என்று கேலி செய்வாள்.

இடது விலாவில் முதல் வலி வந்தபோது மாமா அவளை ஊருக்குப் பக்கத்திலேயே ஒரு டாக்டரிடம் கூட்டிப் போனார். மாமா என்றால் அக்கா வீட்டுக்காரர், பூ மார்க்கெட்டில் மூட்டை இறக்குகிறவர். டாக்டர் வயிற்றைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை. கல் என்றார், இடுப்பில் ஒரு வலி ஊசி போட்டார், வலித்தால் போட்டுக்கொள்ள மாத்திரை எழுதிக் கொடுத்தார். வலி நின்றது. வலி நின்றதால் அவர் கெட்டிக்கார டாக்டர் ஆனார். அடுத்த மாதம் மறுபடி வலி, மறுபடி ஊசி. மாமா தினமும் மார்க்கெட்டிலிருந்து வாழைத்தண்டு வாங்கி வந்து மிக்ஸியில் அடித்துக் கொடுத்தார். அந்த மனிதரை நான் குறை சொல்ல மாட்டேன். அவரால் முடிந்ததை அவர் செய்தார்.

நான்தான் அவளை எங்கள் சென்டருக்கு வரச்சொல்லி வயிற்று ஸ்கேன் எடுக்க வைத்தேன். இடது சிறுநீரகம் லேசாக வீங்கியிருந்தது. ஓரத்தில் வெள்ளையாக ஒரு சின்னப் புள்ளி தெரிந்தது. சிறிய கல்லாக இருக்கலாம் என்று ரிப்போர்ட் போனது. அந்த 'இருக்கலாம்' வீட்டுக்குப் போய்ச் சேர்வதற்குள் காணாமல் போய்விட்டது. 'கல் இருக்கு' என்றுதான் எல்லோரும் எடுத்துக்கொண்டோம். எனக்கும் உள்ளுக்குள் ஒரு நிம்மதி. கல்தானே, யாருக்குத்தான் இல்லை என்று வேலையைப் பார்க்கப் போய்விட்டேன்.

ஆனால் அக்கா நான் சொன்னதை அப்படியே செய்கிறவள். கல் விழுந்தால் பிடித்து வை, பரிசோதனைக்கு அனுப்பலாம் என்று சொல்லியிருந்தேன். அதற்காகப் புதிதாக ஒரு டீ வடிகட்டி வாங்கி, கழிவறை ஜன்னலில் மாட்டி வைத்து, மூன்று மாதம் ஒவ்வொரு முறையும் வடிகட்டியிருக்கிறாள். ஒருநாள் பெரிய வலி வந்து, சிவப்பாகப் போய், வடிகட்டியில் ஏதோ சிக்கியது. தோடு வாங்கிய சின்னப் பிளாஸ்டிக் டப்பாவில் பஞ்சு வைத்து அதைப் பத்திரமாகப் போட்டு, ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் பூசை முடிந்து நேராக என் வீட்டுக்குக் கொண்டுவந்தாள்.

"இந்தாடி, விழுந்திருச்சு. ஆனா கல்லு மெத்துன்னு இருக்கு" என்றாள்.

நான் டப்பாவைத் திறந்து பார்த்தேன். பழுப்பு நிறத்தில், பருப்பு அளவில், ஒரு பக்கம் கூராக, காய்ந்துபோன தசைத் துணுக்கு மாதிரி ஒன்று. அழுத்தினால் அமுங்கியது.

"இது கல்லு இல்லக்கா. ரத்தம் கட்டி வந்திருக்கு. கல்லு இன்னும் உள்ளதான் இருக்கும், நெறையாத் தண்ணி குடி" என்று சொல்லிவிட்டு, டப்பாவைக் கவிழ்த்துக் குப்பைக்கூடையில் போட்டேன். டப்பாவை மட்டும் கழுவித் திருப்பிக் கொடுத்தேன். அவள் அதைக் கைப்பையில் போட்டுக்கொண்டு, "சரிடி, வெஞ்சனம் என்ன வச்சிருக்க?" என்று கேட்டாள். அன்றைக்கு என் வீட்டில் கருவாட்டுக் குழம்பு. சாப்பிட்டுவிட்டுப் போனாள்.

நான் குப்பையில் போட்டது அவளுடைய சிறுநீரகத்தின் ஒரு துண்டு.

அதைத் தெரிந்துகொள்ள இன்னும் ஆறு வாரம் ஆனது. ஒருநாள் மில்லில் நிற்கும்போதே குளிர்க்காய்ச்சல் வந்து, பற்கள் கிடுகிடுவென அடிக்க, இரண்டு பெண்கள் கைத்தாங்கலாக அவளைப் பஸ்ஸில் ஏற்றி அனுப்பியிருக்கிறார்கள். மாமா ஆட்டோவில் போட்டுத் திண்டுக்கல்லுக்குக் கொண்டுவந்தார். சேர்த்த ஆஸ்பத்திரியில் ரத்தம் எடுத்தார்கள். சர்க்கரை இல்லை. வெள்ளணுக்கள் ஏறிக் கிடந்தன. சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது என்று காட்டுகிற கிரியேட்டினின் இருக்க வேண்டியதைவிடக் கொஞ்சம் கூடுதல். சாய மருந்து ஏற்றி சிடி ஸ்கேன் எடுக்க வேண்டும் என்று எங்கள் சென்டருக்கே அனுப்பினார்கள்.

ஸ்கேனுக்கு முன்னால் ஒரு படிவம் நிரப்ப வேண்டும். சர்க்கரை உண்டா, ஆஸ்துமா உண்டா, ஏதாவது மருந்து ஒத்துக்கொள்ளாதா, கர்ப்பமா, வேறு மாத்திரைகள் தொடர்ந்து சாப்பிடுகிறீர்களா. மற்றவர்களிடம் ஒவ்வொன்றாகக் கேட்டுத்தான் எழுதுவேன். அக்காவிடம் நான் கேட்கவே இல்லை. என் கூடப் பிறந்தவளைப் பற்றி எனக்குத் தெரியாததா என்று ஐந்துக்கும் 'இல்லை' என்று கோடு போட்டுக்கொண்டே போனேன். அவள் கீழே கையெழுத்துப் போட்டாள்.

முதலில் மருந்து ஏற்றாமல் ஒரு படம். கல் இருந்தால் அதில் வெள்ளையாகத் துல்லியமாகத் தெரிந்துவிடும். தேடினேன். சிறுநீரகத்தில் ஓரமாக வளையம் போல மெல்லிய சுண்ணாம்புப் படிவு தெரிந்ததே தவிர, கீழே இறங்குகிற குழாயில் கல் எதுவும் இல்லை. ஆனால் அந்த இடது குழாய் மட்டும் அடைபட்டு வீங்கிக் கிடந்தது. கல் இல்லாமல் அடைத்துக்கொண்டிருப்பது எது என்று எனக்கு விளங்கவில்லை. மருந்து ஏற்றி அடுத்த படங்களை எடுத்தோம். கடைசிப் படத்துக்குக் காத்திருக்க வேண்டும். ஏற்றிய மருந்து சிறுநீரோடு கலந்து உள்ளே இறங்கினால்தான் கிண்ணங்களின் வடிவம் தெரியும்.

சிறுநீரகத்தின் உள்பக்கம் சின்னச் சின்னக் கூம்புகள் உண்டு. அவற்றின் நுனியிலிருந்துதான் சிறுநீர் சொட்டுகிறது. ஒவ்வொரு நுனிக்கும் கீழே ஏந்துகிற மாதிரி ஒரு கிண்ணம். ஆரோக்கியமான ஆளின் படத்தில் அந்தக் கிண்ணங்களின் விளிம்பு கூர்மையாக, அழகாக இருக்கும். அந்த நுனிக்கு ஏற்கெனவே ரத்த ஓட்டம் குறைவு. அதுவும் நின்றுபோனால் நுனி செத்து, கழன்று, விழுந்துவிடும். விழுந்த துண்டு குழாயில் போய் அடைக்கும். கல் வலி மாதிரியே வலிக்கும். சில சமயம் வெளியேயும் வந்துவிடும். டீ வடிகட்டி வைத்திருந்தால் சிக்கும்.

அக்காவின் படத்தில் கிண்ணங்களின் அடி ஓட்டையாக இருந்தது. நுனி இருக்க வேண்டிய இடத்தில் மருந்து புகுந்து உருண்டையாகத் தேங்கி நின்றது. பாடப் புத்தகத்தில் இதைக் கோல்ஃப் பந்தோடு ஒப்பிடுவார்கள். கோல்ஃப் பந்தை நான் எங்கே கண்டேன். எனக்கு அது கோலி சோடா பாட்டிலின் கழுத்தில் குண்டு நிற்பது மாதிரி இருந்தது. இன்னோர் இடத்தில் கழன்றும் கழலாமலும் கிடந்த நுனியைச் சுற்றி மருந்து வளையம் கட்டியிருந்தது. இடது பக்கம் அடைப்பினால் மருந்து மெதுவாகத்தான் இறங்கியது. இதெல்லாம் முதலில் தெளிவாகத் தெரிந்தது வலது பக்கத்தில். ஒருநாள்கூட வலிக்காத பக்கம் அது.

எங்கள் டாக்டர், படம் பார்த்து ரிப்போர்ட் எழுதுகிறவர், நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். அவர் அதிகம் பேசமாட்டார்.

"ரெண்டு பக்கமும் நுனி செத்துப் போயிருக்கும்மா. சுகர் இல்லைங்கிறீங்க. டிபி இருக்கான்னு யூரின் அனுப்பச் சொல்லுங்க. சிக்கிள் செல்னு ஒரு ரத்த வியாதி, அதையும் பாத்துருவோம். அடைப்பும் கிருமியும் ஒரு காரணம்தான், ஆனா அடைப்பு ஒரு பக்கம்தானே இருக்கு. ரெண்டு பக்கமும் இப்படி இருந்தா வருசக்கணக்கா வலி மாத்திரை சாப்பிட்டிருக்கணும். கேட்டீங்களா?"

"அதெல்லாம் கெடையாது சார். எங்க அக்கா மாத்திரையே தொடமாட்டா. இப்ப கல்லு வலிக்குக் குடுத்ததுதான், ஒரு எட்டு மாசமா."

"எட்டு மாசத்துல இம்புட்டு ஆகாது" என்று அவர் மைக்கை அழுத்தினார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மேஜையில் படுத்திருந்த அக்காவிடம், "ஏம்மா, ரொம்ப நாளா ஏதாவது மாத்திரை சாப்பிடுறீங்களா?" என்று கேட்டார்.

"இல்லங்க சார்" என்று காய்ச்சலிலும் அவள் குரல் கணீரென்று வந்தது. "ஒரு மாத்திரைகூடக் கெடையாது. ஒடம்பு நல்லாயிருந்த ஒடம்பு சார்."

நான் அவளைக் கைபிடித்து இறக்கும்போது ஜாக்கெட் கை ஓரத்தில் ஒட்டிக்கொண்டிருந்த பஞ்சு நூலை எடுத்துப் போட்டேன். அப்போதுதான் எனக்கு உறைத்தது. உறைத்த மாத்திரத்தில் என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ள வேண்டும் போலிருந்தது.

பிளஸ் டூ முடித்து, டிப்ளமா சேருவதற்கு முன்னால், நானும் அதே மில்லில் பதினாலு மாதம் வேலை பார்த்தவள். இரண்டாவது மாதமோ மூன்றாவது மாதமோ, அடிவயிற்றைப் பிடித்துக்கொண்டு மெஷினுக்குப் பக்கத்தில் குத்தவைத்து உட்கார்ந்துவிட்டேன். எங்கள் வரிசையின் சூப்பர்வைசரம்மா வந்து ஒரு எவர்சில்வர் சம்படத்தைத் திறந்தார். உள்ளே அட்டையிலிருந்து உரித்துப் போட்ட மாத்திரைகள், வெள்ளையும் மஞ்சளுமாக, கடலை மிட்டாய்க் கடை டப்பாவைப் போல நிறைந்திருந்தன. "கையில வச்சுக்கிட்டு நிக்காத, வாயில போடு" என்றார். போட்டேன். அரை மணி நேரத்தில் எழுந்து நின்று அறுந்த நூலை முடிந்துகொண்டிருந்தேன். அதற்குப் பிறகு பதினாலு மாதத்தில் எத்தனை போட்டேன் என்று எனக்குத் தெரியாது. யாருக்கும் தெரியாது. அட்டை இல்லாததால் அதற்குப் பெயரும் இல்லை. வெள்ளை, மஞ்சள், அவ்வளவுதான்.

ஆஸ்பத்திரி வார்டில், கையில் குளுக்கோஸ் ஏறிக்கொண்டிருக்க, அவளிடம் கேட்டேன்.

"அக்கா, மில்லுல அந்தச் சம்படத்து மாத்திரை இப்பவும் உண்டா?"

"உண்டு."

"நீ போடுறியா?"

"போடாம? எல்லாரும்தான் போடுறாக."

"தெனமுமா?"

"சிப்டுக்கு ஒண்ணு. இடுப்பு ரொம்பக் கழண்டு போனா ரெண்டு. வீட்டுக்குத் தூரமான நாள்ல ரெண்டு."

"பெறகு ஏங்க்கா டாக்டர் கேட்டப்ப இல்லைன்ன?"

அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "அவரு சீக்குக்குப் போடுற மாத்திரையத்தானடி கேட்டாரு. இது வேலைக்குப் போடுறது."

அவள் பொய் சொல்லவில்லை. அந்த மில்லில் வேலை பார்க்கிற யாரைக் கேட்டாலும் இல்லை என்றுதான் சொல்வார்கள். பத்து மணிக்கு டீ, பதினொரு மணிக்கு மாத்திரை. டீயை யாராவது மருந்தென்று சொல்வார்களா. நானே சொல்லவில்லையே. நானும் தின்றவள்தான், படித்தவள்தான், படிவத்தை வைத்துக்கொண்டு தினமும் பத்துப் பேரிடம் அந்தக் கேள்வியைக் கேட்கிறவள்தான். 'இல்லை' என்று கோடு போட்டபோது அந்தச் சம்படம் என் மனதின் எந்த மூலையிலும் வரவில்லை.

எங்கள் சென்டர் டாக்டரிடம் போய்ச் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றி வைத்தார். "தண்ணி குடிப்பாங்களா?" என்று மட்டும் கேட்டார்.

அந்தக் கேள்விக்கு எனக்கு உடனே பதில் தெரியும். தண்ணீர் குடித்தால் கழிவறை போக வேண்டும். கழிவறை போனால் மெஷினை யார் பார்ப்பது. போகிறவளின் பேரை எழுதி வைப்பார்கள். அதனால் மில்லில் பெண்கள் தண்ணீர் குடிக்கமாட்டார்கள். உள்ளே நிற்கிற வெக்கையில் ரவிக்கை நனைந்து காயும், ஆனால் வாயில் ஒரு மிடறுதான் ஊற்றிக்கொள்வார்கள். நான் சொன்னதைக் கேட்டுவிட்டு டாக்டர், தண்ணீர் இல்லாத உடம்பில் அந்த மாத்திரை சரியாக அந்த நுனியில்தான் போய்ச் செறிந்து நிற்கும் என்றார். இருபத்தைந்து வருடம். அதற்கு மேல் கல் வலிக்கு என்று ஊர் டாக்டர் எட்டு மாதம் போட்டதும் அதே வகை ஊசி, அதே வகை மாத்திரை. நோய் கொடுத்ததையே மருந்தென்று கொடுத்திருக்கிறான். மரியாதை விட்டுப்போகிறது, போகட்டும். ஒரே ஒருநாள் அந்த ஆள் அவளிடம், மில்லில் என்னம்மா தின்கிறாய் என்று கேட்டிருக்கலாம்.

மதுரைக்குக் கொண்டுபோனோம். சிறுநீரக அறுவை டாக்டர் அடைத்திருந்த துண்டை எடுத்துவிட்டு உள்ளே ஒரு மெல்லிய குழாய் வைத்தார். காய்ச்சல் இறங்கியது. டிபி இல்லை, ரத்த வியாதி இல்லை என்று ரிசல்ட் வந்தது. அவர் மாமாவையும் என்னையும் உட்காரவைத்துச் சொன்னார். விழுந்த நுனி திரும்ப முளைக்காது. மிச்சம் இருப்பதை வைத்துக்கொண்டு ஓட்டலாம், ஆனால் இனி ஒரு வலி மாத்திரைகூடக் கூடாது, தண்ணீர் குடிக்க வேண்டும். கேட்காவிட்டால் சீக்கிரமே டயாலிசிஸ் மெஷினில் படுக்க வேண்டியிருக்கும். மாமா அதைக் கேட்டுக்கொண்டே, "அப்ப வாழைத்தண்டு சார்?" என்றார். டாக்டர் சிரிக்கவில்லை. அதற்காக அவருக்கு நான் நன்றிக்கடன் பட்டவள்.

அக்காவைத் திண்டுக்கல் நாகல் நகரில் என் வீட்டில் கொண்டுவந்து வைத்துக்கொண்டேன். அடுத்த வாரம் ஒருநாள் லீவு போட்டுவிட்டு மில்லுக்குப் போனேன். வேடசந்தூர் பஸ்ஸில் போகும்போதே வாய்க்குள் வார்த்தைகளை அடுக்கிக்கொண்டு போனேன். சிடி படத்தைப் பெரிய உறையோடு மடியில் வைத்திருந்தேன். மேஜையில் விரித்துப்போட்டு, இந்தா பார், இது கிண்ணம், இது ஓட்டை, இது நீ போட்டது என்று காட்ட வேண்டும் என்று ஒரு வெறி. பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண் உறையைப் பார்த்துவிட்டு, "கல்லா?" என்று கேட்டாள். நான் அவளை முறைத்த முறைப்பில் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஆபீஸில் ஒரு இளைஞர் இருந்தார். நல்ல மரியாதையான ஆள், தண்ணீர் பாட்டிலை என் பக்கம் நகர்த்தி வைத்தார். அந்த மில்லில் தண்ணீர் குடி என்று ஒருவர் சொல்லி நான் கேட்டது அன்றைக்குத்தான். நான் பேசி முடிக்கிறவரை குறுக்கே பேசவில்லை. படத்தை வெளிச்சத்தில் தூக்கிக்கூடப் பார்த்தார்.

"கம்பெனில நாங்க எந்த மாத்திரையும் குடுக்குறது இல்ல மேடம். நர்ஸ் வாரத்துல ரெண்டு நாள் வாராங்க, அவங்க ரெஜிஸ்டர்ல எழுதித்தான் குடுப்பாங்க. மத்ததெல்லாம் லேடீஸ் அவங்களுக்குள்ள வச்சுக்கிறது."

"சூப்பர்வைசர் சம்படத்துல வச்சுக் குடுக்குறாங்க. நானே வாங்கித் தின்னுருக்கேன்."

"இருக்கலாம். இப்ப அந்தச் சம்படம் யார்கிட்ட இருக்குன்னு தெரியுமா மேடம்?"

"அதைத்தான் உங்ககிட்ட கேக்குறேன்."

அவர் கொஞ்சம் தயங்கினார். உண்மையிலேயே தயங்கினாரா, இல்லை தயங்குவதுபோலக் காட்டினாரா, இன்றைக்கும் எனக்குத் தெரியாது. "மூணு வருசமா அந்த லைனுக்கு உங்க அக்காதானே மேடம் சூப்பர்வைசர்" என்றார்.

அவள் சூப்பர்வைசர் ஆனது எனக்குத் தெரியும். நீலக் கோட்டு போய் சிவப்புக் கோட்டு வந்ததும் அல்வா வாங்கிக்கொண்டு போய்க் கொடுத்தவளே நான்தான். சிவப்புக் கோட்டோடு சம்படமும் சேர்ந்து வரும் என்பதை அன்றைக்கு நான் யோசிக்கவில்லை. அடுக்கிக்கொண்டு போன வார்த்தையெல்லாம் என் வாய்க்குள்ளேயே கிடந்தது. படத்தை உறைக்குள் போட்டுக்கொண்டு வெளியே வந்து, வெயிலில் பஸ்ஸுக்கு நின்றேன்.

வீட்டுக்கு வந்தபோது சாயங்காலம். அக்கா கட்டிலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். பக்கத்தில் தண்ணீர் பாட்டில் பாதி காலியாக இருந்தது. நான் செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"சம்படம் ஒங்கிட்டதான் இருக்காமே."

அவள் கீரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "லைன் சூப்பர்வைசர்ட்டதான் இருக்கும். நீ இருந்தப்பவும் அப்புடித்தான்."

"மாத்திரை எங்கேருந்து வருது?"

"ஆபீசுல கவர்ல போட்டுக் குடுப்பாக. நான் உரிச்சுப் போட்டுக்கிருவேன். உரிச்ச அட்டைய எண்ணித் திருப்பிக் குடுத்துரணும்."

"ஏன் திருப்பிக் கேக்குறாங்கன்னு ஒருநாளாச்சும் யோசிச்சியா?"

"குப்பையாயிரும்னு சொன்னாக."

நான் கத்தினேன். இருபது வயதுப் பிள்ளைகளுக்கு உன் கையாலேயே விஷம் கொடுத்திருக்கிறாய் என்றேன். உன் சிறுநீரகம் போனது போதாதா, ஒரு வரிசைப் பிள்ளைகளுடையதையும் சேர்த்துப் போக வைத்தாயா என்றேன். பக்கத்து வீட்டு டிவியின் சத்தம் குறைந்தது. அவள் கீரைக் காம்பை ஒவ்வொன்றாகத் தட்டின் ஓரத்தில் வைத்துக்கொண்டே கேட்டாள். நான் மூச்சு வாங்க நிறுத்தியபோது பேசினாள்.

"வலிக்குதுக்கான்னு வந்து நிக்குங்க. நான் என்ன செய்ய? லீவு குடுக்குற அதிகாரம் எனக்கு இல்ல. செத்த நேரம் உக்காருன்னு சொல்ல ஒரு ஸ்டூலு கெடையாது. என் கையில இருந்தது அந்தச் சம்படம் ஒண்ணுதான். முன்னாடி இருந்த அம்மா ஒண்ணு கேட்டா மூஞ்சியக் காட்டும். நான் மூஞ்சியக் காட்டுனதில்ல. ரெண்டு கேட்டா ரெண்டு குடுத்தேன். என்னைய நல்லவளுன்னு சொல்லுங்க அந்தப் புள்ளைங்க."

அப்போது எனக்கு வந்த கோபம் யார் மேல் என்று இப்போதும் பிரித்துச் சொல்ல முடியவில்லை. உரித்த அட்டையை எண்ணி வாங்குகிறவன் மேல், படத்தைத் தூக்கிப் பார்த்துவிட்டு அவள் பெயரை என் முன்னால் வைத்த அந்த மரியாதைக்காரன் மேல், குப்பைக்கூடைக்கும் சிறுநீரகத்துக்கும் வித்தியாசம் தெரியாத என் மேல், அன்போடு இரண்டு இரண்டாகக் கொடுத்த இவள் மேல். அவளுக்கு விளங்க வேண்டும் என்று படத்தை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, வலது பக்கத்தைக் காட்டினேன்.

"இங்க பாரு. இந்தப் பக்கம் ஒனக்கு வலிச்சதே இல்ல. ஆனா போயிருச்சு. அதுகளுக்கும் வலிக்காது. வலிக்குதுன்னு தெரியிறப்ப ஒண்ணும் இருக்காது."

அவள் படத்தை வெகுநேரம் பார்த்தாள். அந்த ஓட்டைகளை விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டாள். "எனக்கு செவப்பாப் போனது, அதுவும் இதுனாலயா?" என்று கேட்டாள்.

"இதுனாலதான்."

கையில் ஒட்டிய கீரையைத் துடைத்துவிட்டு போனை எடுத்தாள். மில் பஸ் ஊர் ஊராய் இறக்கிவிட்டுப் போகிற நேரம் அது. முதலில் ஒரு பெயரைத் தேடி அழுத்தினாள். குழாய் வைத்த பக்கம் இழுத்துப் பிடிப்பதால் போனைக் காதில் வைக்காமல் மடியில் வைத்து ஸ்பீக்கரைப் போட்டாள்.

"அக்கா, எப்புடி இருக்கீங்க? கல்லு எடுத்துட்டாங்களா?" என்று ஒரு சின்னப் பெண்ணின் குரல் உற்சாகமாக வந்தது. பின்னால் பஸ் சத்தம்.

"அது கெடக்கட்டும். ஒண்ணு கேக்குறேன், வெக்கப்படாமச் சொல்லு தாயி. ஒனக்கு ஒண்ணுக்கு செவப்பாப் போகுதா?"

"எப்பவாச்சும் போகும்க்கா. சூடுதானே. மோர் குடிச்சா சரியாப் போயிரும்" என்றாள் அந்தப் பெண். அக்கா வாயைத் திறப்பதற்குள் அவளே தொடர்ந்தாள். "நீங்க எப்பக்கா வருவீங்க? புதுசா வந்திருக்க அக்கா ஒரு மாத்திரைக்கு மேல குடுக்க மாட்டேங்குறாங்க."